மஞ்சள் இரும்பு

ஆற்றோரத் தோட்டம்,
கோத்தா திங்கி, ஜோகூர்.
விபவ வருடம், தை மாதம் 12.

அன்பும் மரியாதையும் மிக்க அண்ணி அங்கம்மாளுக்கு, உங்கள் நாத்தனார் செல்லம் வணங்கி எழுதுவது.

அண்ணன் உயிரோடு இருக்கிறார். நன்றாக இருக்கிறார். இந்த இரண்டு வரியை முதலில் அம்மாவுக்குச் சத்தமாக வாசித்துக் காட்டுங்கள். நீங்களும் ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டு வந்து மீதியை வாசியுங்கள்.

இவ்வளவு அவசரமாக எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. பக்கத்துத் தோட்டத்துக் கங்காணி நம் ஊர்ப் பக்கத்துக்காரர் என்பது உங்களுக்குத் தெரியும். ஆற்றில் படகு கவிழ்ந்து அர்ச்சுனன் போய்விட்டான் என்று அவர் ஊருக்கு எழுதிப் போட்டுவிட்டாராம். அவர்மேல் பிழையில்லை. அவர் எழுதிய அன்று நாங்களும் அப்படித்தான் நினைத்து அழுதுகொண்டிருந்தோம். மறுநாளே அண்ணன் வந்து சேர்ந்துவிட்டார். ஆனால் தபால் போனது போனதுதானே. அந்தக் கடிதம் முந்தி வந்து நீங்கள் என்ன பாடு பட்டீர்களோ! ஏதாவது செய்யக்கூடாததைச் செய்திருந்தால் உடனே மாற்றிவிடுங்கள். பூவும் பொட்டுமாக இருங்கள்.

நடந்ததைச் சொல்கிறேன். மார்கழி கடைசியில் இங்கே ஆறு நாள் விடாமல் மழை. தோட்டத்தில் பால் வெட்டு நின்றுபோனது. ஆனால் உலர்த்தி வைத்த ரப்பர்க் கட்டுகள் ஆற்றுவழியே கடைத்தெரு ஊரான கம்பத்துக்குப் போயாக வேண்டும் என்று துரை சொல்லிவிட்டார். அண்ணன் வேலை அந்தச் சரக்குப் படகில்தானே. படகோட்டி இஸ்மாயில் என்ற மலாய்க்காரர், அவருக்குத் துணை நம் அண்ணன். அன்று இன்னும் இரண்டு பேர் ஏறினார்கள். வேலு என்று எங்கள் லயத்து வரிசை வீடுகளில் இருப்பவர், அவர் மனைவி ராஜம்மா. ராஜம்மாவுக்கு அது நிறைமாதம். கம்பத்து ஆஸ்பத்திரியில் சேர்த்துவிடலாம் என்று வேலு கூட்டிக்கொண்டு போனார்.

பாதி வழியில் ஒரு முழு மரம் வேரோடு மிதந்து வந்து படகின் விலாவில் மோதியிருக்கிறது. படகு ஒரு புரள் புரண்டு கவிழ்ந்துவிட்டது. அண்ணன் எப்படியோ நீந்திக் கரையோரத்து நீப்பா என்னும் நீர்ப்பனை மட்டைகளைப் பிடித்துவிட்டார். பிடித்துத் திரும்பிப் பார்த்தால் ராஜம்மா சேலை படகில் மாட்டிக்கொண்டு தத்தளிக்கிறாள். அந்த ஆற்றில் முதலை உண்டு, அண்ணி. போன வருடம் வலை போட்ட ஆள் ஒருவரை இழுத்துக்கொண்டு போயிருக்கிறது. கரையைத் தொட்ட எவரும் மறுபடி இறங்கமாட்டார்கள். அண்ணன் இறங்கினார். ராஜம்மாவை இழுத்து வந்து மட்டைகளின் மேல் போட்டார். அதற்குப் பிறகு வேலுவுக்காக இன்னொரு தடவை இறங்கினார். வேலு வேண்டாம், வராதீர்கள் என்று கையை ஆட்டினாராம். அண்ணன் சிரித்துக்கொண்டே கத்தினாராம்: “எனக்கு ஒண்ணும் ஆவாதுய்யா! மஞ்ச இரும்பு இடுப்புல இருக்கு!”

இதை வேலு இந்தப் பதினைந்து நாளில் எத்தனை பேரிடம் சொல்லிவிட்டாரோ, கணக்கில்லை. சொல்லும்போதெல்லாம் அழுகிறார்.

மூன்று பேரும் இரண்டு நாள் அந்தப் புதருக்குள் மட்டைகளின் மேலேயே இருந்திருக்கிறார்கள். குடிக்க மழைத்தண்ணீர், தின்ன நீப்பாக் காய். மூன்றாம் நாள் காலை மீன் பிடிக்க வந்த மலாய்ப் படகு ஒன்று பார்த்து ஏற்றிக்கொண்டு வந்தது. இஸ்மாயில் கவிழ்ந்த படகைப் பிடித்துக்கொண்டே வெகுதூரம் போய்க் கீழே ஒரு மலாய்க் கிராமத்தில் கரை சேர்ந்துவிட்டார். ஆக, போனவர் நாலு பேரும் திரும்பிவிட்டார்கள். ராஜம்மாவுக்கு அதே வாரம் பெண் குழந்தை. தாயும் பிள்ளையும் சுகம். கடவுள் கண் திறந்தார் என்பதை இதற்கு முன்னால் நான் வெறும் பேச்சாகத்தான் சொல்லியிருக்கிறேன்.

அண்ணனுக்குப் பாதம் இரண்டிலும் மட்டை கிழித்த காயம். இடது காது கொஞ்சம் மந்தமாகக் கேட்கிறது. தண்ணீர் போனதுதான், சரியாகிவிடும் என்று தோட்டத்தில் மருந்து கொடுக்கும் டிரசர் சொல்கிறார். சாப்பாட்டுக்குக் குறைவில்லை. நேற்று மீன் குழம்பில் உப்புப் போதாது என்று எங்கள் வீட்டுக்காரரோடு சேர்ந்துகொண்டு என்னைக் கேலி செய்தார். அவர் கேலி செய்யும்போது நான் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன். கண்ணீர் வந்துவிட்டது. புகை என்று சொல்லிவிட்டேன்.

மஞ்சள் இரும்பைப் பற்றி அண்ணன் உங்களுக்கு எழுதியிருக்கிறாரா என்று தெரியவில்லை. போன வருடம் இஸ்மாயிலுக்குப் படகுக்கும் துறைக்கும் நடுவே கால் நசுங்கிவிட்டது. அண்ணன் அவரை முதுகில் சுமந்துகொண்டு மூன்று மைல் நடந்து டிரசரிடம் சேர்த்தார். கால் பிழைத்தது. அதற்காக இஸ்மாயில் தன் இடுப்பிலிருந்து அவிழ்த்துக் கொடுத்த பொருள் அது. மலாய்க்காரர்கள் பெசி கூனிங் என்கிறார்கள். கட்டைவிரல் நகமளவு இருக்கும். பார்த்தால் பித்தளை மாதிரி மஞ்சள். ஆனால் கணக்கெழுதும் கிராணி வீட்டுக் காந்தத்தைக் காட்டினால் ஓடிவந்து ஒட்டிக்கொள்கிறது. துருப்பிடிப்பதில்லை. நல்ல வெயிலிலும் தொட்டால் ஜில்லென்று இருக்கிறது. அதை வைத்திருப்பவரை ஆயுதம் வெட்டாது, தண்ணீரில் உள்ள எதுவும் தீண்டாது என்பது அவர்கள் நம்பிக்கை. எங்கள் லயத்தில் ஒரு மீனின் வாலில் கட்டிவிட்டு வெட்டிப் பார்த்தார்கள். இரண்டு தடவை கத்தி வழுக்கியது. எங்கள் வீட்டுக்காரர் கத்தியை வாங்கிப் பார்த்துவிட்டு, “கத்தி மொட்டை. தீட்டிட்டு வாங்க” என்றார். யாரும் தீட்டிக்கொண்டு வரவில்லை. அண்ணன் அதைத் துணிப் பையில் போட்டுத் தைத்து அரைஞாணில் கட்டிக்கொண்டார். அன்றுமுதல் அவர் நடையே மாறிவிட்டது.

இப்போது தோட்டம் முழுக்க அந்தப் பேச்சுத்தான். நான் அதைப் பற்றி என்ன சொல்ல.

என் பிள்ளை தனத்துக்கும் அந்த வாரம் கடும் காய்ச்சல். இப்போது தேவலை, எழுந்து ஓடுகிறாள். நாலு வயதுக்கு வாய் அதிகம். அதைப் பற்றி இன்னொரு சமயம் எழுதுகிறேன்.

அம்மாவின் இடுப்பு எலும்பு கூடிவிட்டதா? கோலூன்றி நடக்கிறார்களா? எழுதவும். நீங்கள் நன்றாகச் சாப்பிடுங்கள். உங்கள் மஞ்சளும் குங்குமமும் நிலைக்கட்டும் என்று இந்த ஆற்றங்கரையில் தினமும் கேட்டுக்கொள்கிற,

செல்லம்.


ஆற்றோரத் தோட்டம்,
கோத்தா திங்கி, ஜோகூர்.
விபவ வருடம், பங்குனி மாதம் 28.

அன்புள்ள அண்ணிக்கு, செல்லம் வணக்கத்தோடு எழுதுவது.

இங்கே எல்லோரும் சுகம். அண்ணன் சுகம். இந்தக் கடிதத்தை மட்டும் அம்மாவுக்கு வாசித்துக் காட்டவேண்டாம். என்ன எழுதியிருக்கிறாள் என்று கேட்டால் எல்லோரும் சுகமாம் என்று சொல்லுங்கள். அது பொய்யில்லை.

உங்கள் கடிதம் மாசி கடைசியில் வந்தது. கங்காணியின் கடிதமும் என் கடிதமும் ஒரே தபாலில் வந்தன என்று எழுதியிருந்தீர்களே, அதை வாசித்துவிட்டுச் சிரித்தேன். எந்தக் கடிதத்தை முதலில் பிரித்தீர்கள் என்று மட்டும் எழுதவில்லை. நானும் கேட்கவில்லை.

அதே கடிதத்தில் நீங்கள் எழுதிய இன்னொன்றுதான் என்னை நிம்மதியாக உட்கார விடவில்லை. கம்பத்துத் தவுக்கே, சீன முதலாளி ஒருவருடைய மோட்டார்ப் படகு அதே வெள்ளத்தில் ஆற்று வளைவில் மூழ்கிவிட்டது. முங்கிப் போய் அதில் சங்கிலி மாட்டிக் கொடுத்தால், கடைத்தெருவில் தனக்குள்ள ஒரு வீட்டில் குடியிருக்க இடம் தருவதாக அவர் அண்ணனிடம் சொன்னார். போன வருடம் முதலை ஆளை இழுத்த இடம் அதுவேதான். மலாய்க்காரர், சீனர், நம்மவர் ஒருவரும் இறங்கமாட்டோம் என்றுவிட்டார்கள். வெள்ளம் வடிந்ததும் இறங்குவதாக அண்ணன் உடனே ஒத்துக்கொண்டார். உங்களுக்கும் எழுதினார். நீங்கள் எனக்கு எழுதினீர்கள்: ‘அந்த இரும்பு அவர் இடுப்பில் இருக்கிறவரை எனக்குப் பயமில்லை செல்லம். என் தாலியைக் காத்தது அதுதான். தைரியமாக இறங்கச் சொல். வீடு கிடைத்தால் நானும் கப்பலேறி வந்துவிடுவேன்.’

அண்ணி, இனி எழுதப்போவதை எப்படி எழுதுவது என்று தெரியாமல் மூன்று தாள்களைக் கிழித்துவிட்டேன். அங்கு, மூன்றாம் வகுப்பில் ஒரே மணைப்பலகையில் என் பக்கத்தில் உட்கார்ந்தவள் நீ. என் அண்ணனைக் கட்டிக்கொண்ட பிறகுதான் எனக்கு அண்ணி. அந்த அங்குவிடம் சொல்கிறேன், கேள்.

வெள்ளத்தன்று உன் புருஷன் இடுப்பில் மஞ்சள் இரும்பு இல்லை. அதை எடுத்தவள் நான்.

தனத்துக்கு அன்று ஏழாவது நாள் காய்ச்சல். டிரசர் கொடுத்த கொய்னா மருந்தைக் கொடுத்தால் கசப்பு தாங்காமல் வாந்தி எடுத்துவிடுவாள். காலையில் கூப்பிட்டேன், கண்ணைத் திறந்தாள், ஆனால் என்னைப் பார்க்கவில்லை. என்னைத் தாண்டி எதையோ பார்த்தாள். அந்த மாதம் எங்கள் லயத்தில் இரண்டு பிள்ளைகள் அப்படிப் பார்த்துப் பார்த்தே போயிருந்தார்கள். அந்த நேரத்தில் அண்ணன் அரைஞாண் பையைக் கழற்றிக்கொண்டு வந்து, “தையல் விட்டுப்போச்சு செல்லம். ஒரு தையல் போட்டுக் குடு, படகுக்கு நேரமாவுது” என்று கொடுத்துவிட்டு வேட்டி மாற்றப் போனார்.

பை திறந்து கிடந்தது. அந்த இரும்பு என் உள்ளங்கையில் ஜில்லென்று இருந்தது. பிள்ளையின் நெற்றி அனலாகக் கொதித்தது. நான் யோசித்துச் செய்தேன் என்றும் சொல்லமுடியாது, யோசிக்காமல் செய்தேன் என்றும் சொல்லமுடியாது. எங்கள் வீட்டுக்காரரின் மீன் வலை மூலையில் கிடந்தது. அதிலிருந்து ஒரு ஈயக் குண்டை அறுத்துப் பைக்குள் போட்டுத் தைத்துவிட்டேன். கனம் ஏறக்குறைய ஒன்றாகத்தான் இருந்தது. அண்ணன் வாங்கிக் கட்டிக்கொண்டு, அதன்மேல் இரண்டு தட்டுத் தட்டிவிட்டு, பிள்ளையின் காலைத் தொட்டுப் பார்த்துவிட்டு மழையில் இறங்கிப் போனார். நான் இரும்பைத் தனத்தின் தலைமாட்டில் பாயின் அடியில் வைத்தேன். அவர் சாயங்காலம் வந்ததும் மாற்றி வைத்துவிடலாம் என்றுதான் நினைத்தேன். சாயங்காலம் படகு கவிழ்ந்த சேதி வந்தது.

அந்த இரண்டு நாளை உனக்கு எப்படிச் சொல்வேன்? ஒரு பக்கம் பிள்ளை, ஒரு பக்கம் ஆறு. இஸ்மாயில் அதைக் கொடுக்கும்போது ஒன்று சொன்னார். மனமாரக் கொடுத்தால்தான் அது காக்கும், திருடியவன் கையில் வெறும் இரும்புத் துண்டு என்றார். அண்ணன் அதை எங்களுக்குத் தமிழில் சொன்னபோது நானும் பக்கத்தில் இருந்து கேட்டேன். அப்படியானால் நான் என்ன செய்துவிட்டேன்? அண்ணனிடம் இருந்ததைப் பிடுங்கிவிட்டேன், பிள்ளைக்கும் அது ஆகாமல் செய்துவிட்டேன். இரண்டு உயிரையும் ஒரே தையலில் முடித்துவிட்டேன் என்று சுவரில் தலையை மோதிக்கொண்டேன். இரண்டாம் நாள் பொறுக்கமுடியாமல் எங்கள் வீட்டுக்காரரிடம் சொன்னேன். அவருக்கு இந்த இரும்பில் நம்பிக்கை இல்லை என்பது உனக்குத் தெரியும். “அது வெறும் உலோகம். ஒங்க அண்ணனுக்கு நீச்சல் தெரியும், அதை மட்டும் நெனச்சுக்க” என்று சொல்லிவிட்டுப் போனார். ஆனால் அன்று முழுவதும் அவர் வீட்டுக்கு வரவில்லை. ஆற்றுத் துறையில் மழையில் நின்றுகொண்டே இருந்தார் என்று பிறகு மற்றவர்கள் சொன்னார்கள்.

மூன்றாம் நாள் விடிந்தபோது தனத்துக்கு வேர்த்துக் கொட்டியது. தண்ணீர் கேட்டாள். நான் தண்ணீர் கொடுத்துக்கொண்டிருக்கும்போதே துறைப் பக்கம் சத்தம் கேட்டது. அண்ணன் நொண்டிக்கொண்டே வாசலில் வந்து நின்று, “புள்ளைக்கு எப்படி இருக்கு?” என்றுதான் முதலில் கேட்டார்.

அன்றே சொல்லியிருக்கவேண்டும். சொல்லவில்லை. ஊரே அந்தப் பையைப் பார்க்க வந்தது. பிரசவித்த உடம்போடு ராஜம்மா வந்து அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். பொங்கலன்று அண்ணன் அதற்குக் குங்குமம் வைத்தார். என் வீட்டு மீன் வலை ஈயத்துக்கு! அதை மாற்றி வைக்கவும் பார்த்தேன். ஆனால் வெள்ளத்துக்குப் பிறகு அவர் அதை ஒரு நிமிடமும் கழற்றுவதில்லை, குளிக்கும்போதுகூட. இனி அவரைப் படகில் ஏற்றமாட்டார்கள், புதுப் படகு வர ஆறு மாதமாகும், அதுவரை கரையில்தானே இருக்கப்போகிறார், ஈயம் யாரை என்ன செய்யும் என்று என்னை நானே சமாதானம் செய்துகொண்டேன். உனக்கு எழுதிய கடிதத்திலும் அதையெல்லாம் தாண்டிக்கொண்டு போய்விட்டேன்.

பிறகுதான் தவுக்கே வந்தார். அதன் பிறகு உன் கடிதம் வந்தது. நீயும் இறங்கச் சொல்லிவிட்டாய். அவர் ஈயத்தைக் கட்டிக்கொண்டு முதலை மடுவில் இறங்கப்போகிறார், அதற்கு நீ பூ வைத்துக் காத்திருக்கிறாய். இனி வாயை மூடிக்கொண்டிருந்தால் நான் மனுஷியில்லை.

இறங்குவதற்கு முந்தின நாள் மத்தியானம் அண்ணன் எங்கள் வீட்டுப் பின்னால் உட்கார்ந்து கயிற்றுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். எங்கள் வீட்டுக்காரரும் கூட இருந்தார். நான் போய் எதிரில் உட்கார்ந்து, “அண்ணே, அந்தப் பையைப் பிரிச்சுப் பாருங்க” என்றேன். எதற்கு என்று கேட்டார். பிரிச்சுப் பாருங்க என்று மட்டும் திரும்பச் சொன்னேன். என் முகத்தைப் பார்த்துவிட்டுப் பல்லாலேயே தையலைப் பிரித்தார். ஈயக் குண்டு மண்ணில் விழுந்து உருளாமல் நின்றது. நான் முந்தானையிலிருந்து மஞ்சள் இரும்பை எடுத்து அதன் பக்கத்தில் வைத்தேன். எல்லாவற்றையும் சொன்னேன். எதையும் குறைக்கவில்லை.

அண்ணன் திட்டவில்லை. உடம்பெல்லாம் நடுங்கியது, வெயிலில் உட்கார்ந்திருந்தவருக்கு. அந்த ஆற்றில் இறங்கும்போது படவேண்டிய பயம் இரண்டு மாதம் கழித்து வந்து சேர்ந்தது போல இருந்தது. பல் கிட்டிக்கொண்டது. எங்கள் வீட்டுக்காரர் தன் துண்டை எடுத்து அவர் தோளில் போர்த்தினார். துண்டை இழுத்துப் பிடித்துக்கொண்டு அண்ணன் கேட்டார்:

“அப்ப, ரெண்டாவது தடவ தண்ணியில குதிச்சது யாரு?”

எங்கள் வீட்டுக்காரர் சொன்னார், “நீங்கதான் மச்சான். வேற யாரு இருந்தா அங்க?”

அண்ணன் எழுந்து கம்பத்துக்கு நடந்து போனார். தவுக்கேயிடம், “என்னால முடியாது. எனக்குப் பயமா இருக்கு” என்று சொல்லிவிட்டு வந்தார். இதுவரை எங்கள் அண்ணன் வாயிலிருந்து அந்தச் சொல்லை நான் கேட்டதில்லை. தவுக்கேக்குக் கோபம். மற்றவர்கள் பத்துப் பேர் பத்து விதமாகப் பேசினார்கள். அண்ணன் எவருக்கும் காரணம் சொல்லவில்லை. என்னைக் காட்டிக்கொடுக்கவும் இல்லை. கம்பத்து ஆள் ஒருவர், “நீ எறங்கலன்னா அந்த இரும்ப எனக்கு இரவல் குடு, நான் எறங்குறேன்” என்று வந்து கெஞ்சினார். அண்ணன் அவரையும் உட்கார வைத்து, வீட்டில் எத்தனை பிள்ளைகள் என்று கேட்டு, காப்பி வாங்கிக் கொடுத்துத் திருப்பி அனுப்பிவிட்டார்.

ஆனால் எங்கள் வீட்டில் நான்கு நாள் அவர் சாப்பிடவில்லை. வேலு வீட்டில் சாப்பிட்டார். நான் சோறு போட்டு வைப்பேன், அப்படியே இருக்கும். அது எனக்கு வேண்டியதுதான். ஐந்தாம் நாள் தனம் போய் அவர் வேட்டியைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்துவிட்டாள். “மாமா, அம்மா மீன் வச்சிருக்கு. உப்புப் போட்டாச்சு” என்றாள். வந்து உட்கார்ந்தார். சாப்பிட்டு முடித்துக் கை கழுவிவிட்டு, அந்த இரும்பை எடுத்தார். புதிதாக ஒரு கறுப்புக் கயிறு வைத்திருந்தார். அதில் கோத்துத் தனத்தின் இடுப்பில் கட்டிவிட்டு என்னைப் பார்த்துச் சொன்னார்: “இதை யாரும் எடுக்கல. மார்கழியில நான்தான் புள்ளைக்குக் குடுத்தேன். குடுக்கும்போது நான் வீட்டுல இல்ல, அவ்வளவுதான்.”

அண்ணி, நான் அவர் காலில் விழப் போனேன். “சரி சரி, ரசம் இருந்தா ஊத்து” என்றார்.

மீதியையும் கேளுங்கள். பங்குனி பிறந்ததிலிருந்து மழையே இல்லை. ஆறு வற்றிவிட்டது. போன வாரம் மூழ்கிய படகின் மூக்கு தானாகவே வெளியே தெரிந்தது. இனி ஆள் முங்கத் தேவையில்லை, கரையில் நின்றே கொக்கி போட்டு இழுக்கலாம் என்று அண்ணனே போய்த் தவுக்கேயிடம் வழி சொன்னார். முப்பது பேர் கயிறு பிடித்தார்கள். நாங்கள் பெண்களும் பார்க்கப் போனோம். படகு மெல்ல அசைந்து மேலே வந்தபோது, அது கிடந்த பள்ளத்திலிருந்து முதலை ஒன்று கிளம்பியது. வாய் தெரியவில்லை. முதுகு மட்டும் தெரிந்தது. அந்த முதுகே எங்கள் லயத்துக் கதவை விட நீளம். அவசரமில்லாமல் திரும்பி ஆழத்துக்குப் போய்விட்டது. அண்ணன் கயிற்றை விடாமல் பிடித்துக்கொண்டு, கூட்டத்தில் நான் எங்கே நிற்கிறேன் என்று தேடினார். பார்த்தார். அந்தப் பார்வைக்குப் பிறகு மூன்று மாதத்தில் முதல் தடவையாக அன்று நான் வயிறாரச் சாப்பிட்டேன்.

இஸ்மாயிலிடமும் அண்ணன் உள்ளதைச் சொல்லிவிட்டார். அவர் தாடையைத் தடவிக்கொண்டே, இரும்பு எங்கே இருக்க வேண்டுமோ அங்கே இருந்தது என்றாராம். டிரசரைக் கேட்டால், எட்டாவது நாள்தான் கொய்னா பிள்ளையின் வயிற்றில் தங்கியது, அதனால்தான் காய்ச்சல் இறங்கியது என்கிறார். எங்கள் வீட்டுக்காரர் நீச்சல் என்கிறார். எனக்கு எதுவும் தெரியவில்லை. இரண்டு பேரும் இருக்கிறார்கள். எனக்கு அது போதும்.

கடைத்தெரு வீடு கிடைக்கவில்லை. அது என்னால் போயிற்று. அதை மறைக்க விரும்பவில்லை. ஆனால் படகை எடுக்க வழி சொன்னதற்காகத் தவுக்கே கோபம் ஆறி, துறையிலுள்ள தன் கிட்டங்கியில் சரக்கு ஏற்றி இறக்க ஆள் பார்க்கும் வேலையை அண்ணனுக்குக் கொடுத்திருக்கிறார். சித்திரை பிறந்ததும் போகிறார். கிட்டங்கிக்குப் பின்னால் ஓர் அறை இருக்கிறது. ஒரு மூலை ஒழுகும். எங்கள் வீட்டுக்காரர் அத்தாப்பு ஓலைக் கூரையை மாற்றிக் கொடுக்கிறேன் என்று சொல்லியிருக்கிறார். சமையலுக்கு வெளியே இடமுண்டு. வாசலில் ஆறு தெரியும். அண்ணன் இனிக் கரையிலேதான் இருப்பார். அது நிச்சயம்.

அம்மா இப்போது கோலில்லாமல் நடக்கிறார்கள் என்று எழுதியிருந்தீர்கள். என் தங்கை சின்னவள் அம்மாவைச் சீர்காழியில் கொஞ்ச நாள் வைத்துக்கொள்கிறேன் என்கிறாளாம். வைகாசியில் நாகப்பட்டினத்திலிருந்து கப்பல் இருக்கிறது. அண்ணன் தனியாக எழுதுவார். ஆனால் வா என்று எழுத அவருக்குக் கூச்சம். எல்லாம் சுகம், அறை இருக்கிறது என்று மட்டும்தான் எழுதுவார். அதற்கு வா என்று பொருள்.

வரும்போது நல்லெண்ணெய் ஒரு புட்டியும் கொஞ்சம் கருவடகமும் எடுத்து வாருங்கள். இங்கே கிடைப்பது வாயில் வைக்க ஆகவில்லை.

என்மேல் உங்களுக்குக் கோபம் இருக்கும். இருக்கவேண்டும். உங்கள் தாலியை உங்களைக் கேட்காமல் என் பிள்ளைக்காகப் பணயம் வைத்தவள் நான். அதற்கு என்ன சொல் உண்டோ அத்தனையும் சொல்லுங்கள். ஆனால் கடிதத்தில் எழுதவேண்டாம், அண்ணி. எழுதினால் அந்தத் தாளை நான் ஆயுசு முழுக்கப் பெட்டியில் வைத்துக்கொண்டு எடுத்து எடுத்து வாசித்துக்கொண்டிருப்பேன். கப்பலேறி வந்து, துறையில் இறங்கி, என் எதிரில் நின்று வாயாரத் திட்டுங்கள். நான் தனத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு அங்கே நிற்பேன்.

எப்போதும் உங்கள்,
செல்லம்.